சிரிப்பின் விலையை யார் கொடுப்பது?

நகைச்சுவையை ஆராய்ச்சிக்கு உரிய பொருளாகப் பலரும் கருதுவதில்லை. கேட்டோம், சிரித்தோம், மறந்தோம் என்று விட்டுவிடுகிறோம். ஆனால், ஒரு சமூகம் யாரைத் தனக்குக் கீழாக நினைக்கிறது என்பதை அதன் சட்டப் புத்தகத்தைவிட, அது சிரிக்கும் விதமே தெளிவாகக் காட்டிவிடும். அந்தச் சிரிப்பின் திசையை மாற்ற முடியுமா என்ற கேள்விக்கு, பிரிட்டனில் 1979-இல் தோன்றிய 'மாற்று நகைச்சுவை' இயக்கம் ஒரு விடை தந்தது. அதன் முதல் குரலாக ஒலித்தவர் அலெக்சி சேல்.

பொருளாதாரத்தில் 'புறவிளைவு' என்றொரு கருத்து உண்டு. ஒரு சாய ஆலை துணிக்கு நிறம் ஏற்றுகிறது. ஆலை முதலாளிக்கு லாபம். வாங்குபவருக்குக் குறைந்த விலையில் துணி. இருவருக்கும் மனநிறைவு. ஆனால், சாயக்கழிவு கலந்த ஆற்று நீரை நம்பி வாழும் உழவர் அந்தப் பேரத்தில் இடம்பெறவே இல்லை. துணியின் விலையில் ஒரு பகுதியை அவர்தான் கொடுக்கிறார். அது எந்தக் கணக்கேட்டிலும் பதிவாவதில்லை.

நகைச்சுவையிலும் இப்படி ஒரு மூன்றாமவர் உண்டு. மேடையில் பேசுபவருக்குக் கைத்தட்டலும் ஊதியமும் கிடைக்கின்றன. அரங்கில் இருப்பவருக்கு மகிழ்ச்சி கிடைக்கிறது. அந்தச் சிரிப்புக்குப் பொருளாக்கப்பட்டவர் பெரும்பாலும் அரங்கில் இருப்பதில்லை. மறுநாள் காலையில் பேருந்திலும், பள்ளிக்கூடத்திலும், வேலை செய்யும் இடத்திலும் அதே கேலியை அவர் எதிர்கொள்கிறார். அன்றைய சிரிப்புக்கான விலையை அவர் கொடுக்கிறார்.

எழுபதுகளின் பிரிட்டனில் நகைச்சுவை பெரும்பாலும் இரண்டு வழிகளில் ஓடியது. ஒன்று, வட இங்கிலாந்தின் தொழிலாளர் மனமகிழ் மன்றங்களில் வளர்ந்த வழி. சரளமாகத் துணுக்குகளை அடுக்கும் நகைச்சுவையாளர்கள் அங்கே உருவானார்கள். கிரானடா தொலைக்காட்சி 1971-இல் தொடங்கிய 'தி காமெடியன்ஸ்' நிகழ்ச்சி அவர்களை நாடறியச் செய்தது. மான்செஸ்டர் நகரின் பெர்னார்ட் மேனிங் அவர்களுள் பெயர்பெற்றவர். மாமியார், மனைவி, அயர்லாந்துக்காரர், பாகிஸ்தானியர், கறுப்பினத்தவர் ஆகியோரே அந்தத் துணுக்குகளின் வழக்கமான பொருள்.

மற்றொன்று, கேம்பிரிட்ஜ், ஆக்ஸ்ஃபோர்டு பல்கலைக்கழகங்களிலிருந்து வந்த வழி. 1960-இல் அரங்கேறிய 'பியாண்ட் தி ஃப்ரிஞ்ச்', 1969-இல் பி.பி.சி.யில் தொடங்கிய 'மான்டி பைத்தான்' ஆகியவை இந்த மரபைச் சேர்ந்தவை. அறிவுக்கூர்மையும் துணிவும் மிக்கவை என்பதில் ஐயமில்லை. ஆயினும், அந்த வாயிலுக்குள் நுழையப் பெரும்பாலும் குறிப்பிட்ட கல்வி நிறுவனங்களின் முத்திரை தேவைப்பட்டது. தொழிலாளர் வீட்டில் பிறந்து, தொழிலாளரையும் இழிவுபடுத்தாமல், மேட்டுக்குடியினரையும் நகல் எடுக்காமல் பேச விரும்பும் ஒருவருக்கு இந்த இரு வழிகளிலும் இடம் இல்லை.

மனமகிழ் மன்றத் துணுக்குகளில் கவனிக்க வேண்டிய இன்னொரு கூறும் உண்டு. அவை யாருக்கும் சொந்தமானவை அல்ல. ஒருவர் சொன்னதை அடுத்த ஊரில் மற்றொருவர் சொல்லலாம். சொல்லும் திறமைக்கே மதிப்பு. பொதுச் சொத்தாக இருந்ததால், அதற்குப் பொறுப்பேற்பவரும் எவரும் இல்லை. 'ஊரில் சொல்வதைத்தான் நானும் சொன்னேன்' என்று ஒதுங்கிக்கொள்ள முடிந்தது. உரிமையாளர் இல்லாத மேய்ச்சல் நிலம் எவ்வாறு பாழாகிறது என்பதைப் பொருளாதார மாணவர்கள் படிப்பார்கள். எழுதியவர் இல்லாத நகைச்சுவைக்கும் அதுவே நேர்ந்தது.

இந்தச் சூழலில்தான் அலெக்சி சேல் மேடையேறினார். 1952 ஆகஸ்ட் 7 அன்று லிவர்பூல் நகரில் பிறந்தவர். தந்தை ரயில்வே கார்டு, தொழிற்சங்கவாதி. தாய் லித்துவேனியாவிலிருந்து வந்த யூதக் குடும்பத்தின் வழிவந்தவர். பெற்றோர் இருவரும் பிரிட்டன் கம்யூனிஸ்ட் கட்சி உறுப்பினர்கள். ரயில்வே ஊழியர்களுக்குக் கிடைத்த பயணச் சலுகையைக் கொண்டு, அந்தக் குடும்பம் விடுமுறைக் காலத்தில் செக்கோஸ்லோவாகியா போன்ற நாடுகளுக்குச் சென்று வந்தது. அண்டை வீட்டுப் பிள்ளைகளெல்லாம் வால்ட் டிஸ்னியின் 'பாம்பி' திரைப்படத்தைப் பார்க்கச் சென்றபோது, சிறுவன் அலெக்சியைப் பெற்றோர் ஐசன்ஸ்டைனின் 'அலெக்சாண்டர் நெவ்ஸ்கி' திரைப்படத்துக்கு அழைத்துச் சென்றனர். 2010-இல் வெளியான தன் நினைவுக் குறிப்பு நூலுக்கு அவர் இட்ட தலைப்பு, 'என் வீட்டுப் பாடத்தை ஸ்டாலின் தின்றுவிட்டார்' என்று பொருள்படும்.

லண்டனின் செல்சீ கலைப் பள்ளியில் ஓவியம் பயின்ற அவர், பின்னர் பிரெக்ட் படைப்புகளை மேடையேற்றிய சிறு நாடகக் குழுவொன்றில் நடித்தார். மேடையில் பார்வையாளரைக் கதைக்குள் மயங்கவிடாமல் தட்டி எழுப்ப வேண்டும் என்பது பிரெக்டின் நாடகக் கொள்கை. சேலின் பிற்கால நகைச்சுவையில் அதன் தடத்தைக் காணலாம்.

1979 மே மாதத் தொடக்கத்தில் மார்கரெட் தாட்சர் பிரிட்டன் பிரதமரானார். அதே மாதம் 19-ஆம் நாள், லண்டன் சோஹோ பகுதியில், கவர்ச்சி நடன விடுதி ஒன்று இயங்கிய கட்டடத்தில் 'காமெடி ஸ்டோர்' திறக்கப்பட்டது. காப்பீட்டு முகவரான பீட்டர் ரோசன்கார்டும், அந்த விடுதியை நடத்திய டான் வார்டும் அதை நிறுவினர். லாஸ் ஏஞ்சலீஸ் நகரில் அதே பெயரில் இயங்கிய அரங்கே முன்மாதிரி. யார் வேண்டுமானாலும் மேடையேறலாம். பார்வையாளர்கள் பொறுமை இழந்தால் சேகண்டி ஒலிக்கும், உடனே இறங்கிவிட வேண்டும். அந்த முதல் இரவிலிருந்தே நிகழ்ச்சித் தொகுப்பாளராக நின்றவர் அலெக்சி சேல்.

இரண்டு நிகழ்வுகளும் ஒரே மாதத்தில் நடந்தது தற்செயலே. ஆனால், அவற்றிடையே ஓர் ஒற்றுமை உண்டு. நுழைவதற்குத் தடை இல்லை, தகுதியைச் சந்தையே முடிவு செய்யும் என்பது புதிய அரசின் பொருளாதாரத் தத்துவம். சேகண்டியின் விதியும் அதுவே. சந்தைத் தத்துவத்தை மிகக் கடுமையாக எதிர்த்த ஒரு நகைச்சுவை இயக்கம், மிகக் கடுமையான ஒரு சந்தையில்தான் பிறந்தது.

சேலின் மேடைத் தோற்றம் எவரையும் மிரட்டக்கூடியது. பருத்த உடலை இறுக்கிப் பிடித்த கோட்டு, ஒட்ட வெட்டிய முடி, தலையில் சிறு தொப்பி. பேச்சோ துப்பாக்கிச் சூட்டின் வேகம். வசைச்சொற்கள் தாராளமாக வரும். பார்வையாளரை வரவேற்று மகிழ்விக்க வந்தவராக அவர் நடந்துகொள்வதில்லை. அவர்களோடு சண்டைக்கு வந்தவர்போலத் தோன்றுவார்.

அவருடைய பாணியை மூன்று கூறுகளாகப் பிரித்துப் பார்க்கலாம். முதலாவது, துணுக்கின் வடிவத்தையே அவர் கைவிட்டது. ஒரு சூழலை விவரித்து, இறுதி வரியில் திருப்பம் வைத்துச் சிரிக்கச் செய்வது பழைய முறை. சேல் ஒரு கோபத்தைத் தொடங்குவார். அது எங்கெங்கோ அலைந்து, நடைமுறைக்கு ஒவ்வாத கற்பனைகளுக்குள் புகுந்து, திடீரென நின்றுவிடும். சிரிப்பு வருவது அந்தக் கோபத்தின் ஓட்டத்திலிருந்தே.

இரண்டாவது, உயர்ந்தது தாழ்ந்தது என்று பிரித்து வைக்கப்பட்டவற்றை ஒரே மூச்சில் கலந்தது. ஐரோப்பியத் தத்துவ ஞானிகளும் ரஷ்யப் புரட்சியும் பழைய கார்களும் மலிவு விலைச் சட்டைகளும் அவர் பேச்சில் அருகருகே வரும். உழைக்கும் வர்க்கத்தவருக்குத் தத்துவம் புரியாது என்று நம்பிய மேட்டுக்குடியினரையும், படித்தவரெல்லாம் ஏமாற்றுக்காரர் என்று நம்பிய எளியவரையும் அது ஒருசேரக் குழப்பியது.

மூன்றாவது கூறுதான் முதன்மையானது. அவர் தன் சொந்தப் பக்கத்தையே முதலில் தாக்கினார். மார்க்சியராக வளர்ந்த அவருக்குக் கிடைத்த கேலிப் பொருள்களுள் சிறந்தவை, இடதுசாரிகளின் போலித்தனங்களே. நடுத்தர வர்க்கத்து முற்போக்காளர்களின் உணவுப் பழக்கம், உடை, மொழி எதையும் அவர் விட்டுவைக்கவில்லை. 'பட்டறை' என்ற சொல்லை இரும்பு வேலைக்கு அன்றி வேறெதற்கும் பயன்படுத்துவோரை அவர் நையாண்டி செய்தது புகழ்பெற்றது. கவிதைக்கும் ஆளுமை வளர்ச்சிக்கும் 'பட்டறை' நடத்தும் நமக்கும் அது தைக்கவே செய்யும்.

புறவிளைவுக் கோட்பாட்டின்படி, சாய ஆலையே தன் கழிவைச் சுத்திகரிக்கும் செலவை ஏற்க வேண்டும். சேல் செய்தது ஏறத்தாழ அதுதான். சிரிப்பின் செலவை அரங்கில் இல்லாத எளியவர் மீது சுமத்தாமல், தன் மீதும், தன் தோழர்கள் மீதும், எதிரே அமர்ந்திருந்த பார்வையாளர் மீதும், அதிகாரத்தில் இருப்போர் மீதும் சுமத்தினார். இவர்களுள் எவரும் பதில் சொல்ல வாயற்றவர் அல்லர்.

சேல், டோனி ஆலன் முதலானோர் 1979-இல் 'ஆல்டர்நேட்டிவ் கேபரே' என்ற குழுவை அமைத்து, மதுக்கூடங்களின் பின் அறைகளிலும் சிறு அரங்குகளிலும் நிகழ்ச்சி நடத்தினர். இனத்தையோ பெண்களையோ இழிவுபடுத்துவதில்லை என்பது அவர்கள் தமக்கு விதித்துக்கொண்ட கட்டுப்பாடு. தாமே எழுதியதைத் தம் பெயரில் சொல்வது என்பது எழுதாத விதி. துணுக்கு பொதுச் சொத்து என்ற நிலை மாறி, சொல்பவர் அதற்குப் பொறுப்பாளி ஆனார். கட்டுப்பாடு கற்பனையைக் கொன்றுவிடும் என்று அன்றும் சிலர் எச்சரித்தார்கள். நடந்தது வேறு. எளிதில் கிடைத்த கேலிப் பொருள்களைக் கைவிட்டதால், புதியவற்றைத் தேட வேண்டிய கட்டாயம் ஏற்பட்டது. இயற்கை வளம் குறைந்த நாடு தொழில்நுட்பத்தில் முன்னேறுவதற்கு ஒப்பானது அது.

1980-இல் பீட்டர் ரிச்சர்ட்சன் தொடங்கிய 'காமிக் ஸ்ட்ரிப்' அரங்கிலும் சேலே தொகுப்பாளர். ரிக் மேயல், ஏட்ரியன் எட்மண்ட்சன், நைஜல் பிளேனர், டான் ஃப்ரெஞ்ச், ஜெனிஃபர் சாண்டர்ஸ் எனப் பின்னாளில் புகழ்பெற்ற பலரும் அங்கே ஒன்றுகூடினர். 1982 ஜனவரியில் பிரிட்டனில் வேலையற்றோர் எண்ணிக்கை 30 லட்சத்தைக் கடந்தது. அந்த ஆண்டு நவம்பரில் பி.பி.சி.யின் இரண்டாம் அலைவரிசையில் 'தி யங் ஒன்ஸ்' தொடர் தொடங்கியது.

அழுக்கடைந்த ஒரு வாடகை வீட்டில் வாழும் நான்கு மாணவர்களின் கதை அது. 1982-லும் 1984-லுமாக மொத்தம் 12 பகுதிகளே வெளிவந்தன. வீட்டு உரிமையாளராகவும் அவருடைய விதவிதமான உறவினர்களாகவும் சேல் நடித்தார். கதையின் நடுவே திடீரென நிறுத்தி, காமிராவைப் பார்த்துத் தன் மேடைப் பேச்சைத் தொடங்கிவிடுவார். தொடரில் இசைக்குழுக்களின் பாடல்கள் இடம்பெற்றதற்கும் ஒரு பொருளாதாரக் காரணம் சொல்லப்படுவதுண்டு. பாட்டு இருந்தால் அது 'பல்சுவை நிகழ்ச்சி' என்ற வகைக்குள் வரும். நகைச்சுவைத் தொடருக்கு ஒதுக்குவதைவிடக் கூடுதல் நிதி கிடைக்கும். கலகக்காரர்களுக்கும் வரவு செலவுக் கணக்கு தெரிந்தே இருந்தது.

அதே நவம்பர் 2-ஆம் நாள் 'சானல் 4' தொலைக்காட்சி ஒளிபரப்பைத் தொடங்கியது. நிகழ்ச்சிகளைத் தானே தயாரிக்காமல் தனியார் தயாரிப்பாளர்களிடம் வாங்கி ஒளிபரப்பும் அமைப்பு அது. தாட்சர் அரசு கொண்டுவந்த சட்டத்தின் வழியே உருவானது. அதன் முதல் இரவிலேயே 'காமிக் ஸ்ட்ரிப்' குழுவின் படம் இடம்பெற்றது. தாட்சரைத் திட்டியே வளர்ந்த கலைஞர்களுக்கு, அவருடைய அரசின் கொள்கையே ஒரு புதிய சந்தையைத் திறந்துவிட்டது. பொருளாதாரக் கொள்கைகளின் விளைவுகள், அவற்றை வகுத்தவரின் விருப்பு வெறுப்பைக் கேட்டு வருவதில்லை.

வெற்றியோடு சிக்கலும் வந்தது. 'தி யங் ஒன்ஸ்' தொடரின் 1984-ஆம் ஆண்டுப் பகுதி ஒன்றில், கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழகத்திலிருந்து வந்த ஸ்டீபன் ஃப்ரை, ஹியூ லாரி, எம்மா தாம்சன் ஆகியோர் சிறப்பு நடிகர்களாகத் தோன்றினர். சேல் கொதித்துப்போனார். யாரை எதிர்த்து இந்த இயக்கம் தொடங்கியதோ அவர்களையே அழைப்பதா என்று கேட்டார். அந்தப் போராட்டம் உங்களுடையதே தவிர எங்களுடையது அன்று என்ற பொருளில் சக கலைஞர்கள் பதில் சொன்னார்கள். இதைச் சேலே பின்னாளில் சிரித்தபடி விவரித்திருக்கிறார். அந்தப் பகுதியின் பெயர் 'பாம்பி' என்பது காலத்தின் குறும்பு.

இது ஒரு சிறு மனத்தாங்கல் அன்று. ஓர் இயக்கத்துக்குள் இருந்த இரு வேறு நோக்கங்கள் அங்கே வெளிப்பட்டன. நகைச்சுவையில் இன இழிவும் பெண் இழிவும் கூடாது என்பதில் அனைவரும் உடன்பட்டனர். ஆனால், அந்த மேடை எந்த வர்க்கத்துக்குச் சொந்தம் என்ற கேள்வி சேலுக்கு மட்டுமே உயிர்ப் பிரச்சினையாக இருந்தது. முதல் நோக்கம் வென்றது. இரண்டாவது அந்தத் தொலைக்காட்சி அரங்கிலேயே கைவிடப்பட்டது.

தொடர்ந்த ஆண்டுகளில் மாற்று நகைச்சுவை ஒரு பெருந்தொழிலாக மாறியது. காமெடி ஸ்டோரில் சேலுக்குப் பின் தொகுப்பாளராக நின்ற பென் எல்டன், 2000-இல் ஆண்ட்ரூ லாயிட் வெப்பருடன் இணைந்து இசை நாடகம் எழுதினார். 1993-இல் நியூமன், படீல் என்ற இருவர் வெம்பிளி உள்ளரங்கில் ஏறத்தாழ 12,000 பேர் முன்னிலையில் நகைச்சுவை நிகழ்ச்சி நடத்தினர். சிறு அறையில் சேகண்டிக்கு அஞ்சி நின்ற கலை, 14 ஆண்டுகளில் அந்த உயரத்தை எட்டிவிட்டது.

சேலும் இந்த வளர்ச்சியின் பயனைப் பெற்றவரே. அவருடைய 'உல்லோ ஜான்! காட்டா நியூ மோட்டார்?' என்ற கேலிப் பாடல் 1984-இல் விற்பனைப் பட்டியலில் 15-ஆம் இடத்தைப் பிடித்தது. 1988 முதல் 1991 வரை 'அலெக்சி சேல்ஸ் ஸ்டஃப்' என்ற நிகழ்ச்சி மூன்று பருவங்களாக பி.பி.சி.யில் ஒளிபரப்பானது. 1989-இல் வெளியான இந்தியானா ஜோன்ஸ் திரைப்படத்தில் ஹதாய் நாட்டு சுல்தானாகத் தோன்றினார். ஆனால், தொண்ணூறுகளின் நடுவில் மேடை நகைச்சுவையை விட்டு விலகினார்.

2000-இல் 'பார்சலோனா பிளேட்ஸ்' சிறுகதைத் தொகுப்பு வெளிவந்தது, நாவல்கள் தொடர்ந்தன. கோபத்தை உரக்கக் கத்திச் சொன்னவர், அதைத் தாளில் அமைதியாக எழுதக் கற்றார். நீண்ட இடைவெளிக்குப் பிறகு 2010-களின் தொடக்கத்தில் மீண்டும் மேடைக்குத் திரும்பினார். 2016 முதல் பி.பி.சி. வானொலியில், ஒரு கற்பனைச் சிற்றுண்டிக் கடையை நடத்துபவராக அமர்ந்து தன் வாழ்க்கையையும் நாட்டு நடப்பையும் பேசினார். ரயிலில் பயணம் செய்து முன்பின் அறியாத பயணிகளோடு உரையாடும் நிகழ்ச்சியையும் நடத்தினார். ரயில்வே கார்டின் மகனுக்கு அது பொருத்தமான பணி.

மாற்று நகைச்சுவையின் மீது நியாயமான குறைகளும் உண்டு. உழைப்பாளர் சார்பில் பேசிய அதன் அரங்குகளில் பெரும்பாலும் மாணவர்களும் படித்த இளைஞர்களுமே அமர்ந்திருந்தனர். மனமகிழ் மன்றத்துத் தொழிலாளி தன் பழைய நகைச்சுவையோடு அங்கேயே விடப்பட்டார். தாட்சரின் பெயரைச் சொன்னாலே கைத்தட்டல் கிடைக்கும் என்ற நிலை வந்தபோது, அதுவும் மாமியார் துணுக்கைப் போன்றதொரு தேய்ந்த வழக்கமாயிற்று. இத்தனை கேலிக்கும் இடையே தாட்சர் 1983-லும் 1987-லும் மீண்டும் வென்றார். நகைச்சுவை அரசுகளைக் கவிழ்ப்பதில்லை.

ஆனால், அது செய்து காட்டிய ஒன்று உண்டு. எளியவரை இழிவு செய்யாவிட்டால் மக்கள் சிரிக்க மாட்டார்கள் என்பது, கலைஞர்களும் தயாரிப்பாளர்களும் நெடுங்காலம் சொல்லிவந்த சாக்கு. 'மக்கள் கேட்கிறார்கள், நாங்கள் கொடுக்கிறோம்' என்று தேவையின் மேல் பழியைப் போட்டார்கள். தேவை என்பது வானத்திலிருந்து விழுவதில்லை. கிடைக்கும் சரக்கைப் பார்த்தும் அது உருவாகிறது. வேறு சரக்கு வந்தவுடன் அதற்கும் வாடிக்கையாளர் வந்தார்கள். அரங்குகள் நிறைந்தன. அந்தச் சாக்கைப் பொய்யாக்கியதே சேலும் அவர் தோழர்களும் விட்டுச்சென்ற சாதனை.

சட்டம் போட்டு நகைச்சுவையைத் திருத்த முடியாது, திருத்தவும் கூடாது. அரசின் கையில் சேகண்டியைக் கொடுத்தால், முதலில் இறக்கப்படுபவர் அரசைக் கேலி செய்பவராகவே இருப்பார். ஆகவே அது நம் கையில் இருப்பதே நல்லது. நாம் சிரிக்கும்போது அதற்கான விலையை யார் கொடுக்கிறார், அவருக்கு அந்த அரங்கில் ஓர் இருக்கை உண்டா என்று ஒரு கணம் எண்ணிப் பார்த்தால் போதும். அந்தக் கேள்விக்குப் பிறகும் நீடிக்கும் சிரிப்பே கலப்படம் இல்லாத சிரிப்பு.

கட்டுரையாளர்: பொருளாதாரப் பேராசிரியர் (ஓய்வு).